தளபதி மாதரசிக்குப் பன்னிரண்டு கடிதங்கள்

3 ஜனவரி 1999, ஞாயிறு

புது வருடம், புது நோட்டு. இதைத் திருட்டுத்தனமாகப் பிரித்துப் படித்துக்கொண்டிருப்பவருக்கு முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். பக்கங்களுக்கு நடுவே என் தலைமுடி ஒன்றை வைத்திருக்கிறேன். எங்கே என்று சொல்ல மாட்டேன். அது நகர்ந்தால் எனக்குத் தெரிந்துவிடும். பதினாறு வருடமாகப் பெண்கள் விடுதியில் குப்பை கொட்டுகிறவளுக்கு இதெல்லாம் யாரும் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை. எல்லாவற்றையும் இதில் எழுதப்போவதும் இல்லை.

நோட்டு தொலைந்து யாராவது கண்டெடுத்தால்: செண்பகவல்லி, வயது முப்பத்தொன்பது, கூட்டுறவுச் சங்க அலுவலகத்தில் தலைமைத் தட்டச்சர், அறை எண் நான்கு, கோயம்புத்தூர். சொந்த ஊர் கோவில்பட்டி.

குளியலறையில் என் சந்தன சோப்பு நேற்றைவிட மெலிந்திருக்கிறது. நான் சாயந்தரம் குளிக்கவில்லை. சோப்பு தானாகக் கரையுமா?

பத்து மணிக்கு டிவியில் 'நெடுவான்' தொடர். விண்கலத்தின் இன்ஜின் சத்தம் கிரைண்டர் ஓடுகிற சத்தம்தான், அரிசி போடாமல் ஓட்டுகிறார்கள். விண்கற்கள் தெர்மாகோல். ஒன்று பட்டதும் துள்ளிக்கொண்டு போயிற்று. ஆனாலும் தளபதி மாதரசி பேனாவை எடுத்துக் கொண்டையில் செருகிக்கொண்டு, "முடிவு என்னுடையது" என்று சொன்னால் ஹாலில் இருபது பெண்கள் மூச்சு விடுவதில்லை. எதிரே நாற்பது ஆண்கள் அவளுக்குச் சல்யூட் அடிக்கிறார்கள். இப்படி ஒன்றைத் தமிழ் டிவியில் நான் பார்த்ததில்லை.

திங்கட்கிழமைகளில் எங்கள் விடுதியிலிருந்து வேலைக்குப் போகிற பாதிப் பேரின் கொண்டையில் பேனா இருக்கும். டவுன்ஹால் பக்கத்தில் ஒரு தையற்கடையில் 'மாதரசி காலர் ரவிக்கை தைத்துத் தரப்படும்' என்று அட்டை தொங்குகிறது. என் மேனேஜர் போன வாரம், "என்னம்மா, ராக்கெட் எப்போ கிளம்புது?" என்றார். கிளம்பும்போது சொல்கிறேன் சார் என்றேன்.

நாங்கள் ஒன்பது பேர் சேர்ந்து மாதரசி வட்டம் என்று வைத்திருக்கிறோம். நான் செயலாளர். பள்ளிக்கூட டீச்சர் மரகதம் தலைவர். தொடரை நிறுத்தப்போகிறார்கள் என்று ஒரு வாரப் பத்திரிகையில் துணுக்கு வந்திருக்கிறது. பெண் சொல்லி ஆண்கள் கேட்பதாவது என்று நிறையக் கடிதம் போகிறதாம். பதிலுக்கு நாங்கள் சேனலுக்கு வாரம் ஒன்பது கடிதம் போடுகிறோம். ஒன்பதும் ஒரே விடுதி, ஒரே தபால் முத்திரை. பார்க்கிறவன் சந்தேகப்பட மாட்டானா? நானாக இருந்தால் படுவேன்.

5 ஜனவரி

புதிதாக வந்த ஜெசிந்தா தன் அறைக் கதவில் ஒரு பட்டியல் ஒட்டியிருக்கிறாள். கண் பரிசோதனை முகாம்களில் வேலை அவளுக்கு. இந்த மாதம் உடுமலை, தாராபுரம், காங்கேயம், பல்லடம், பொள்ளாச்சி, அன்னூர். தூத்துக்குடிப் பெண். ஊர்ப் பேச்சைக் கேட்டதும் எனக்கே வாயில் "ஏட்டி" வந்துவிட்டது.

முடி அதே இடத்தில் இருக்கிறது.

7 ஜனவரி

அண்ணனிடமிருந்து கடிதம். சாத்தூரில் அரிசி ஆலை வைத்திருக்கும் ஒருவர், மனைவி இறந்து மூன்று வருடம், பிள்ளைகள் இல்லை. "ஒற்றை மாட்டு வண்டி எத்தனை தூரம் போகும் செண்பகம்?" என்று முடித்திருக்கிறான். போட்டோ வைத்திருக்கிறான். தலையில் முடி இருக்கிறது. கண் பரவாயில்லை.

பதில் எழுதவில்லை. வேறு எழுத்து வேலை இருந்தது.

9 ஜனவரி

ஜெசிந்தாவிடம் ஒட்டிய உறைகள் இரண்டு கொடுத்து உடுமலையில் தபாலில் போடச் சொன்னேன்.

"இங்கன போட்டா போவாதாக்கா?" என்றாள்.

"ஆபீஸ் சமாச்சாரம். சொன்னதைச் செய்யிட்டி."

முகவரியைப் பார்த்தாள். கைப்பையில் வைத்துக்கொண்டாள். அதற்குமேல் கேள்வி கேட்காத பெண்ணை எவ்வளவு தூரம் நம்பலாம் என்று தெரியவில்லை.

13 ஜனவரி

தாராபுரத்துக்கு இரண்டு. காங்கேயத்துக்கு இரண்டு. போகிப் புகையில் துணியெல்லாம் நாற்றம். இடது கைவிரல் வலிக்கிறது, பச்சை மை ஒட்டியிருக்கிறது. சோப்பு போட்டும் போகவில்லை. சோப்பே இல்லையே.

20 ஜனவரி

மீதி ஆறும் கொடுத்தாயிற்று. ஆக மொத்தம் பன்னிரண்டு.

24 ஜனவரி, ஞாயிறு

மாதரசி இன்று கோபித்துக்கொண்ட உபதளபதி செழியனை எரிகல் கிடங்கிலிருந்து காப்பாற்றினாள். ஜெசிந்தா, "செழியனும் நல்லாத்தான் இருக்கான்" என்றாள். ஹாலே திரும்பி அவளைப் பார்த்தது. மரகதம், "ஆளு எப்படியோ இருந்துட்டுப் போறான். கப்பல் யாரோடதுன்னு பாக்கோணும்" என்றாள். எல்லோரும் சிரித்தோம். நானும் சிரித்தேன்.

அண்ணனின் போட்டோவை இந்த நோட்டில்தான் வைத்திருக்கிறேன். பத்திரமான இடம் என்பதால்.

31 ஜனவரி, ஞாயிறு

இன்று நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

தொடர் முடிந்ததும் அறிவிப்பாளர் வந்தார். "தாய்மார்களின் வேண்டுகோளுக்கிணங்க, தளபதி மாதரசிக்கும் செழியனுக்கும் பிப்ரவரி இருபத்தொன்றாம் தேதி விண்வெளியில் திருமணம். அதன்பின் நெடுவான் கப்பலின் பொறுப்பைச் செழியன் ஏற்பார்" என்றார். பிறகு கடிதம் எழுதிய தாய்மார்களுக்கு நன்றி சொல்லி ஊர்களை வாசித்தார். உடுமலை, தாராபுரம், காங்கேயம், பல்லடம், பொள்ளாச்சி, அன்னூர்.

எனக்குப் பல்வலி வந்துவிட்டது. எழுந்து அறைக்கு வந்தேன்.

மரகதம் பின்னாலேயே வந்தாள். முகம் சிவந்திருந்தது. "அக்கா, அந்த ஊருகளைக் கேட்டீங்களா? வரிசை மாறாம அந்தப் புள்ளை கதவுல ஒட்டியிருக்குதுங்க."

"அப்படியா?" என்றேன். வேறு என்ன சொல்வது?

1 பிப்ரவரி

சாயந்தரம் ஹாலில் வட்டம் கூடியது. மரகதம் நேராகவே கேட்டாள். "ஜெசிந்தா, பொய்ப் பேருல கடுதாசி எழுதிப் போட்டது நீதானா?"

"நான் எழுதலக்கா," என்றாள் ஜெசிந்தா. அவ்வளவுதான். பிறகு என்னைப் பார்த்தாள். மரகதம் இரண்டாம் தடவை கேட்டபோதும் என்னையே பார்த்தாள்.

என்னை ஏன் பார்க்க வேண்டும் என்று விளங்கவில்லை. குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பார்கள்.

2 பிப்ரவரி

யோசித்துப் பார்த்ததில் ஒன்று தெளிவாகிவிட்டது. என் உறைகளை அவள் பிரித்திருக்கிறாள். (ஆமாம், அதில் இருந்தவை கடிதங்கள்தான். இதற்குமேல் மறைப்பானேன். முடி அதே இடத்தில்தான் இருக்கிறது.) நான் எழுதியது அத்தனையும் மாதரசியின் புகழ். அலுவலகத்தில் ஒரே மாதிரி பத்து மனு வந்தால் மேனேஜர் கட்டோடு குப்பையில் போடுவார். வெறும் புகழாக இருந்தால் சேனல்காரனும் நம்ப மாட்டான் என்றுதான் இரண்டு மூன்று கடிதத்தில் மட்டும் வீட்டுப் பெண்கள் கேட்கிற மாதிரி ஏதோ ஒரு வரி, சமையலுக்கு உப்பு மாதிரி, போட்டேன். அந்த உப்புக்காக ஒருவன் கதையையே மாற்றுவானா? மாட்டான். ஆகவே உள்ளே இருந்ததை யாரோ மாற்றியிருக்கிறார்கள். செழியன் நல்லாத்தான் இருக்கான் என்று சொன்னவள் யார்?

இன்று முதல் அவளை "நீங்க" என்றுதான் கூப்பிடுகிறேன்.

3 பிப்ரவரி

சோதனை வைத்திருக்கிறேன். என் அலுவலக முகவரிக்கே ஒரு உறை. ஒட்டுகிற மடிப்புக்குள் ஒரு முடி. "சூலூர்ல போட்டுருங்க" என்று கொடுத்தேன்.

வாங்கிக்கொண்டு, "நீங்கன்னு சொல்லாதீங்கக்கா. என்னவோ மாதிரி இருக்கு," என்றாள்.

6 பிப்ரவரி

உறை வந்துவிட்டது. மடிப்பு பிரியவில்லை. முடி உள்ளேயே இருக்கிறது.

ஆவி காட்டிப் பிரித்து, முடியைத் திரும்ப வைத்து ஒட்டியிருக்கலாம். கெட்டிக்காரிதான்.

வட்டத்தின் தீர்மானப்படி வார்டனுக்கு மனு அடித்தேன். 'போலிப் பெயர்களில் கடிதம் எழுதி சக விடுதியாளர்களுக்கு அவப்பெயர் தேடித்தந்த ஜெசிந்தா என்பவரை விடுதியிலிருந்து விலக்குமாறு.' ஒரு தட்டச்சுப் பிழைகூட இல்லை. இருபத்திரண்டாம் தேதி விடுதிக் கமிட்டி கூடும்போது கொடுக்க வேண்டும்.

8 பிப்ரவரி

வார்டனிடம் ஜெசிந்தா பேசிக்கொண்டிருந்தது காதில் விழுந்தது. ஒட்டுக்கேட்கவில்லை, வாளி எடுக்கப் போனேன். இந்த விடுதியை நம்பித்தான் அவள் அப்பா வெளியூர் அனுப்பியிருக்கிறாராம். இங்கே இடமில்லை என்றால் வேலையை விட்டுவிட்டு வரச் சொல்வாராம். மாமன் மகன் ஒருவன் காத்திருக்கிறானாம்.

வாளியில் தண்ணீர் நிரம்பி வழிந்துவிட்டது. பாத்ரூம் முழுக்க வெள்ளம்.

11 பிப்ரவரி

அண்ணனின் இரண்டாவது கடிதம். சாத்தூர்க்காரர் விசாரித்தாராம்.

மனுவில் எட்டுக் கையெழுத்து ஆகிவிட்டது. என்னுடையது பாக்கி. அடித்தவள்தானே, கடைசியில் போட்டால் போதும்.

14 பிப்ரவரி, ஞாயிறு

ஜெசிந்தாவை ஹாலுக்கு வரக்கூடாது என்று சொல்லிவிட்டார்கள். அவள் படிக்கட்டில் உட்கார்ந்து வசனத்தை மட்டும் கேட்டுக்கொண்டிருந்தாள். மாதரசி இன்று கொண்டையில் பேனா செருகவில்லை. செழியன் வாங்கித் தந்த பூ வைத்திருந்தாள்.

முடிந்ததும் அறிவிப்பாளர், இந்தத் திருமணத்துக்குக் காரணமான கடிதம் என்று ஒன்றை எடுத்து முழுக்க வாசித்தார். பச்சை மை. திரையில் தெரிந்தது. தாராபுரத்திலிருந்து திருமதி வேலாத்தாள்.

"தளபதி அம்மாவை எங்கள் வீட்டில் எல்லோருக்கும் பிடிக்கும். என் மகளும் கொண்டையில் பேனா வைக்கிறாள். ஆனாலும் ஒரு மனக்குறை. ஒற்றை மாட்டு வண்டி எத்தனை தூரம் போகும்? அவருக்கும் ஒரு துணை வேண்டாமா? சாயந்தரம் வேலை முடிந்து வந்தால், சாப்பிட்டாயா என்று கேட்க ஒரு ஆள் வேண்டாமா?"

வேலாத்தாள் என்று யாரும் கிடையாது. ஒரு எழுத்தும் மாறவில்லை. என் இடது கை எழுதியது அப்படியே இருந்தது.

யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை. பக்கத்தில் ஒருத்தி, "பாவம், அந்தம்மா நல்லாத்தான் எழுதியிருக்காங்க" என்றாள். படிக்கட்டை நான் திரும்பிப் பார்க்கவில்லை.

15 பிப்ரவரி

மதியம் அலுவலகத்தில் சாப்பிடாமல், அந்தக் கடிதங்களை நகல் எழுதி வைத்திருந்த சுருக்கெழுத்து நோட்டை எடுத்துப் பார்த்தேன். இரண்டு மூன்று கடிதத்தில் மட்டும் அந்த உப்பைப் போட்டதாக நினைத்திருந்தேன். சத்தியமாக அப்படித்தான் நினைத்திருந்தேன்.

உடுமலை: ஒரு துணை அமைந்தால் மகிழ்ச்சி. பொள்ளாச்சி: இத்தனை பெரிய கப்பலில் தனியாகச் சாப்பிடுகிறாரே, பார்க்கப் பொறுக்கவில்லை. அன்னூர்: வயதாகிறதே. பல்லடம்: அவரும் மனுஷிதானே.

பன்னிரண்டிலும் இருந்தது. ஒன்றுகூடத் தப்பவில்லை.

17 பிப்ரவரி

காய்ச்சல் மாதிரி இருந்தது. மாத்திரை. விடுப்பு.

ஜெசிந்தா கதவைத் தட்டி ரசம் சாதம் வைத்துவிட்டுப் போனாள். முதலில் மோந்து பார்த்தேன். என் புத்தி அப்படி. பிறகு முழுவதையும் சாப்பிட்டேன்.

19 பிப்ரவரி

மரகதம் கையெழுத்துக் கேட்டு வந்தாள். நாளைக்கு என்றேன்.

20 பிப்ரவரி

நாளைக்கு என்றேன்.

21 பிப்ரவரி, ஞாயிறு

கல்யாணம். ஹாலில் இன்று கூட்டம் அதிகம். வார்டன்கூடப் பட்டுப்புடவையில் வந்து உட்கார்ந்தார். பத்து மணிக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது எழுந்து டிவிக்கு முன்னால் நின்றேன். மாதரசி மாதிரி நிற்கலாம் என்று பார்த்தேன், வரவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டேன்.

"அந்தப் பன்னிரண்டு கடுதாசியும் நான் எழுதுனது. ஜெசிந்தா வெறுமன போஸ்ட்தான் பண்ணுனா. அவளுக்கு உள்ள என்ன இருக்குன்னு தெரியாது."

மரகதம் மட்டும் மெதுவாக எழுந்தாள்.

"ஏனுங்க்கா, நீங்களா? அந்தப் புள்ளை மேல பெட்டிசன் அடிச்சதும் நீங்கதானுங்களே?"

"நாந்தான்."

"எதுக்குங்க்கா இப்படிப் பண்ணுனீங்க?"

"எல்லாரும் புகழ்ந்தே எழுதுனா பொய்னு கண்டுபிடிச்சுருவானோன்னு பயந்தேன். நிசப் பொம்பளைங்க எழுதுற மாதிரி இருக்கட்டும்னுதான்."

மரகதம் கோபமே இல்லாத குரலில், "நாங்க எட்டுப் பேரும் நிசப் பொம்பளைங்கதானுங்க. நாங்க ஆரும் அப்படிக் கேக்கலீங்களே" என்றாள்.

மனுவை அவளிடம் நீட்டினேன்.

வாங்கி நாலாகக் கிழித்தாள். அடுத்த மனு என்மேல் வரும் என்று எதிர்பார்த்தேன். வரவில்லை. வட்டத்தின் நோட்டுப் புத்தகத்தையும் ரப்பர் ஸ்டாம்பையும் கேட்டாள். கொடுத்தேன். இனி ஞாயிற்றுக்கிழமை நான் ஹாலில் உட்கார வேண்டாம் என்றாள். படிக்கட்டிலிருந்த ஜெசிந்தாவை உள்ளே கூப்பிட்டாள். நான் படிக்கட்டில் போய் உட்கார்ந்தேன். உள்ளே நாதஸ்வரம் கேட்டது.

நாதஸ்வரம் ஓய்வதற்குள் ஜெசிந்தா உள்ளேயிருந்து எழுந்து வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"ஏன்ட்டி சொல்லல?"

"நீங்களே சொல்லுவியன்னு பாத்துக்கிட்டே இருந்தேன்க்கா. முத வாரம் நம்பிக்கை இருந்துச்சு."

"பொறவு?"

"பொறவு கோவந்தான். நான் சொன்னா யாரு நம்புவா? வந்து ரெண்டு மாசம் ஆவல. நீங்க செயலாளர்."

"ரசம் சாதம் எதுக்குக் கொண்டாந்த?"

"காய்ச்சல்னாங்க. அது வேற, இது வேற."

எனக்கு அழுகை வந்துவிட்டது. அழுதேன். ஊர்ப் பிள்ளை முன்னால்தானே.

28 பிப்ரவரி, ஞாயிறு

செழியன் தளபதி நாற்காலியில் உட்கார்ந்தானாம். மாதரசி தட்டில் காபி கொண்டுவந்தாளாம். ஹாலிலிருந்து ஒருவர் பின் ஒருவராக எழுந்து வந்தார்கள். கால் மணி நேரத்தில் டிவி ஆளில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. கடைசியில் நான்தான் போய் அணைத்தேன். அதற்கு அனுமதி கேட்கவில்லை.

1 மார்ச்

டவுன்ஹால் தையற்கடையில் அந்த அட்டையைக் காணோம்.

4 மார்ச்

இரண்டு கடிதம் எழுதினேன். வலது கையால், நீல மையில்.

ஒன்று அண்ணனுக்கு. சாத்தூர்க்காரரை நேரில் பார்த்துப் பேச வேண்டும், என் வேலை பற்றி, என் பதினாறு வருடம் பற்றி. பிறகு சொல்கிறேன், அவசரப்படுத்தாதே என்று எழுதினேன். துணை வேண்டும் என்று நினைப்பதில் தப்பில்லை. அதை என் பெயரில் கேட்டிருக்க வேண்டும். கூச்சப்பட்டுக்கொண்டு, இல்லாத பன்னிரண்டு பெண்கள் பெயரில் கேட்டு, கடைசியில் மாதரசியின் நாற்காலியைப் பிடுங்கிவிட்டேன்.

இன்னொன்று சேனலுக்கு. கல்யாணத்துக்கு ஆதரவாக எழுதிய பன்னிரண்டு தாய்மார்களும் ஒரே ஆள், அது நான், முழு முகவரி கீழே என்று எழுதினேன். மாதரசிக்குக் கல்யாணம் ஆகட்டும், காபியைச் செழியன் போடட்டும், கப்பலை அவளிடமே கொடுங்கள் என்றும் எழுதினேன். கொடுக்க மாட்டார்கள். படம் பிடித்து வைத்திருப்பார்கள். தெரிந்துதான் எழுதினேன்.

5 மார்ச்

சேனல் கடிதத்தை ஜெசிந்தாவிடம் கொடுத்தேன். நாளைக்கு அவளுக்கு அவிநாசியில் முகாம்.

"ஒட்டலியாக்கா?"

"ஒட்டாமத்தான் கொடுக்கேன். படிச்சுட்டு நீயே ஒட்டிப் போடு."

"எந்த ஊர்ல போட?"

"எந்த ஊர்னாலும். இங்கனயே போடு."

அறைக்கு வந்து இந்த நோட்டைப் புரட்டினேன். இரண்டு மாதமாக முடி அதே இடத்தில். ஒருநாள்கூட நகரவில்லை. இதை யாரும் எடுக்கவும் இல்லை, பிரிக்கவும் இல்லை. யாருக்கும் அந்த எண்ணமே வந்திருக்காது போல. முடியை எடுத்து ஜன்னல் வழியே ஊதிவிட்டேன். நோட்டை மேஜைமேல் அப்படியே வைத்து, கதவைப் பூட்டாமல் வேலைக்குப் போகிறேன்.

6 மார்ச்

காலையில் நோட்டைப் பிரித்தால், நேற்றைய பக்கத்தின் அடியில், முகாமில் கண்ணாடிச் சீட்டு எழுதுகிற குண்டுக் கையெழுத்தில்:

"அக்கா, படிச்சிட்டேன். கடிதம் போட்டாச்சு. சோப்பு நான்தான் எடுத்தேன். எங்க அம்மா போடுற அதே வாசம். மன்னிச்சுக்கோங்க. — ஜெ."

என் சந்தேகங்களில் ஒன்றாவது சரியாகப் போயிற்று. இன்றைக்கு வேலை முடிந்து வரும்போது சந்தன சோப்பு இரண்டு வாங்க வேண்டும்.